மூன்றாவது ரிக்கார்டின் ஸ்வரம்

மைசூர், செவ்வாய் மாலை

அண்ணாவுக்கு நமஸ்காரம்.

வரும் சனிக்கிழமை சென்னையில் ஸ்பெயின் நாட்டு சினிமா இசையின் வரலாற்றைப் பற்றி நீங்கள் பேசப்போவதைப் பேப்பரில் பார்த்தேன். பேசாப்படக் காலத்தில் அங்கே திரைக்குக் கீழே உட்கார்ந்து பாடியது, பிறகு நாடகப் பாட்டுகள் பேசும்படத்துக்குள் வந்தது, உங்கள் உரையில் இருக்கும் எல்லாவற்றையும் நான்தான் நகல் எடுத்தேன். அதில் பிழை இல்லை.

பிழை ஸ்வரத்தில் இருக்கிறது. நீங்கள் இரவல் வாங்கி, கேட்காமலே அனுப்பிய மூன்று ரிக்கார்டுகளில் இரண்டைத்தான் கேட்டு, வீணையில் வாசித்துப் பார்த்து எழுதினேன். மூன்றாவதைக் கேட்பதற்குள் குழந்தை இழுத்துப் போட்டு உடைத்துவிட்டாள். திருப்பி அனுப்பியபோது, பார்சலில் உடைந்திருக்கும் என்று நீங்களே எழுதினீர்கள். நான் மறுக்கவில்லை.

முதல் இரண்டும் தோடி மாதிரி இருந்தன. அதனால் குழந்தையைத் தூங்கவைக்க நான் முனகும் மெட்டைத் தோடியில் வைத்து, மூன்றாவது என்று எழுதிவிட்டேன். ஸ்பெயினின் துக்கமெல்லாம் இதில்தான் இருக்கிறது என்று பேப்பரில் நீங்கள் அதைத்தான் புகழ்ந்திருக்கிறீர்கள். சபையில் பாடவும் வைக்கப்போகிறீர்கள். ஸ்பெயின்காரர் ஒருவரும் வருகிறாராமே.

நேற்று இவரிடம் சொல்லி அழுதேன். “உடைச்சது குழந்தை, சரி. ஸ்வரம் எழுதினதும் அவளா?” என்று கேட்டுவிட்டு ஆபீஸுக்குப் போய்விட்டார்.

அண்ணா, அந்தப் பக்கத்தைக் கிழித்துவிடுங்கள். யாராவது கேட்டால் என் தப்பு என்றே சொல்லுங்கள்.

கோபம் தணிந்த பிறகு ஒருமுறை இங்கே வந்து அதைப் பாடுங்கள். அதில் ஸ்பெயின் தெரியாது. உங்கள் மருமகள் தூங்கிவிடுவாள்.

இத்தனை நாள் வாயைத் திறக்காத
உங்கள் தங்கை