மிண்டாதே என்று சொன்னதற்கு

திவ்யா,

கம்ப்யூட்டர் சரியாகிவிட்டது. நீ போட்ட அப்டேட்டால் லினக்ஸ் கெடவில்லை. சரஸ்வதி பூஜைக்கு வைத்த கம்ப்யூட்டரை, பூஜை எடுத்ததும் மேசையில் திரும்பப் பொருத்தியது நான்தானே? மானிட்டர் கேபிளை வேறு போர்ட்டில் செருகியிருக்கிறேன். அதனால்தான் ஸ்க்ரீன் கறுப்பாகவே நின்றது.

"கேபிளை ஒருக்கா பாருங்க"ன்னு நீ அப்போதே சொன்னாய். உன் தம்பி கிரீஷ் முன்னால், "ஒண்ணும் தெரியாம மிண்டாதே"ன்னு கத்தினேன். கழக்கூட்டம் ஆபீஸில் ஊருக்கெல்லாம் லினக்ஸ் சரிசெய்கிறவன்! உன்னை எழுப்பிச் சொல்ல முகமில்லை.

இட்லி ஹாட்பாக்ஸில் இருக்கிறது. ஸ்கூட்டர் சாவி ஃப்ரிட்ஜ் மேல்.

அபிலாஷ்

கிரீஷிடம் போனில் உள்ளதைச் சொல்லிவிட்டேன். நன்றாகச் சிரித்தான்.

அன்று கத்தியதிலிருந்து நீ என்னிடம் ஒரு வார்த்தைகூட மிண்டவே இல்லை. சாயங்காலம் வந்ததும் ஏதாவது மிண்டு. திட்டினாலும் போதும்.