விசாரணைக்குப் போட்ட நாற்காலி

ஆகஸ்ட் 4, திங்கள்

வியாழக்கிழமை வருவாய் ஆய்வாளர் வீட்டுக்கு வருகிறாராம். என்னைப் போல டிஸ்மிஸ் ஆனவனுக்கு ஓய்வூதியம் கிடையாது. குடும்பம் கஷ்டப்படுவதை அவர் கண்ணால் பார்த்து எழுதினால் கருணைப்படி என்று மாதாமாதம் ஏதோ பணம் கிடைக்கலாம். மருத்துவ விடுப்பு போட்டுவிட்டு செங்கம் சாலையில் கெஸ்ட் ஹவுஸ் நடத்திய புத்திசாலிக்கு அரசாங்கத்தின் கருணை. வேலையும் போயிற்று, கெஸ்ட் ஹவுஸும் போயிற்று.

தெருவில் விருப்ப ஓய்வு என்று சொல்லி வைத்திருக்கிறேன். அக்கம்பக்கத்தில் விசாரிப்பாரோ?

ஆகஸ்ட் 7, வியாழன்

என்ன காரியம் செய்துவிட்டேன்.

"இருக்கிற மாதிரியே இருக்கட்டுங்க" என்று ஜெயந்தி தலையில் அடித்துக்கொண்டாள். கட்டிய மனைவி பேச்சை நான் எப்போது கேட்டேன்? சொந்தக்காரர் வருவதாகப் பொய் சொல்லி, எதிர்வீட்டு எழிலரசியிடம் மெத்தை நாற்காலியும் வெள்ளி டம்ளரும் இரவல் வாங்கினேன். இஸ்திரி போட்ட சட்டை வேறு. ஓர் அதிகாரியைக் கால் ஆடும் ஸ்டூலில் எப்படி உட்காரவைப்பது? அரசு வேலையில் அதிகாரிகளுக்கு நாற்காலி போட்டே பழகிய கை.

ஆய்வாளர் சரவணகுமார் சின்ன வயசுக்காரர். "வீட்டுச் செலவுக்கு எப்படி சார் சமாளிக்கிறீங்க?" என்றார்.

"ஒண்ணும் கம்மி இல்லைங்க."

வாய் தானாகச் சொல்லிற்று. எழிலரசி அவள் வீட்டு வாசலில் நின்று பார்த்துக்கொண்டிருந்தாளே. உள்ளே ஜெயந்தி பாத்திரத்தை ணங்கென்று வைத்தாள்.

செப்டம்பர் 2, செவ்வாய்

மனு தள்ளுபடி. நான் வசதியாக இருக்கிறேனாம்.

வேங்கிக்கால் அலுவலகத்துக்குப் போய் ஆய்வாளரைப் பார்த்தேன். "நீங்கதானே சார் சொன்னீங்க? பார்த்ததைத்தான் எழுதினேன்." கோபமில்லாமல் சொன்னார். அதுதான் சுட்டது. மறுவிசாரணை கேட்கலாமாம். ஆனால் அக்கம்பக்கத்தார் ஒருவர் எங்கள் நிலைமையைச் சொல்ல வேண்டும்.

"விட்டுடலாம் ஜெயந்தி" என்றேன்.

கையை நீட்டிக் காட்டினாள். விரலிடுக்கெல்லாம் சோப்புக் காரத்தில் வெந்திருந்தது. வேறொருவர் கெஸ்ட் ஹவுஸில் படுக்கை விரிப்பு துவைக்கிறாள். தெருவுக்கு மட்டும் ஆசிரமத்தில் சேவை — அதுவும் நான் சொல்லிக்கொடுத்த பொய்.

"உங்க மானத்துக்கு நான் இன்னும் எவ்ளோ நாள்தான் துவைக்கிறது?"



செப்டம்பர் 5

எழிலரசி வீட்டு வாசல்வரை போனேன். திரும்பிவிட்டேன்.

செப்டம்பர் 14, ஞாயிறு

சொல்லிவிட்டேன்.

எழிலரசி கீரை ஆய்ந்துகொண்டிருந்தாள். "விருப்ப ஓய்வு இல்லம்மா. டிஸ்மிஸ் பண்ணிட்டாங்க. அன்னிக்கு வந்ததும் சொந்தக்காரர் இல்ல." அவள் முகத்தைப் பார்க்க முடியவில்லை. கீரையைப் பார்த்தே பேசினேன்.

"அப்போ அக்கா சேவைக்குப் போறது?"

அதையும் சொன்னேன். அவள் கீரையை ஒதுக்கி வைத்தாள்.

"நான் வந்து சொல்றேங்க. உங்களுக்காக இல்ல, அக்காவுக்காக."

நியாயம்தான். எனக்காக யார் சொல்வார்கள்?

செப்டம்பர் 25, வியாழன்

மறுவிசாரணை முடிந்தது. ஆய்வாளர் ஸ்டூலில் உட்கார்ந்தார். எழிலரசிக்கு மெதுவாகப் பேச வராது; தெருவே கேட்டது. செத்தேன் என்று நினைத்தேன். சாகவில்லை. சாயங்காலம் கடைக்குப் போய்ப் பால் வாங்கி வந்தேன்.

அக்டோபர் 10, வெள்ளி

ஆணை வரவில்லை. மாதக்கணக்கில் ஆகுமாம்.

இன்று ஜெயந்தியோடு நானும் துவைக்கப் போனேன். அவள் ஒரு முனையையும் நான் ஒரு முனையையும் பிடித்து விரிப்புகளைப் பிழிந்தோம். முன்பு என் கெஸ்ட் ஹவுஸில் சமையல் வேலை பார்த்த அப்பாசாமி அந்த வழியாகப் போனவர், நின்று பார்த்துவிட்டுப் போனார். உடம்பெல்லாம் கூசிற்று. முனையை விடவில்லை.

வெளிச்சம் இருக்கும்போதே வீடு வந்தோம். பொழுது சாய்ந்தபின் எங்கள் சமணக் குடும்பத்தில் யாரும் சாப்பிடுவதில்லை. வேலை முடிந்து இருட்டியபின் வந்த நாளெல்லாம் அவள் பட்டினியாகத்தான் படுத்தாள். நான் பொழுதோடு தனியாகச் சாப்பிட்டுவிட்டு, நியமம் தவறாதவன் என்று இருந்திருக்கிறேன். சே.

இன்று நான்தான் பரிமாறினேன். ஜெயந்தி தலை குனிந்து வேகவேகமாகச் சாப்பிட்டாள்.

"இன்னும் கொஞ்சம் சோறு போடுங்க" என்றாள்.