எழுபத்து நான்கு டிகிரி

மொரப்பூர்,
ஞாயிறு மதியம்

அன்புள்ள மாமாவுக்கு,

பானு எழுதுகிறேன். நானும் பாப்பாவும் சுகமாகவே இருக்கிறோம். போனில் எதுவும் பேச வேண்டாம் என்று அயாஸ் தம்பி சொன்னதால் இந்தக் கடிதம். உங்களோடு டேட்டா சென்டரில் பார்த்த வேலையைப் போன வாரம் அவர் விட்டுவிட்டாராம். சாமான்களை எடுக்க நாளை சென்னை போகிறார். அவர் கையிலேயே கொடுத்தனுப்புகிறேன்.

பக்கத்து வீட்டு முனியம்மாள் அக்கா இறந்ததை அன்றே சொன்னேன். எப்படி என்று நீங்கள் கேட்கவில்லை. பஸ் படியில் வழுக்கித் தலையில் அடி. தர்மபுரியில் ஒரு தனியார் ஆஸ்பத்திரியில் ஸ்கேன் எடுத்தார்கள். படத்தைப் பார்த்துச் சொல்கிற டாக்டர் வேறு ஊரில் இருக்கிறார். உங்கள் சென்டர் வழியாகத்தான் அது அவருக்குப் போகுமாம். அன்று ஐம்பது நிமிடம் போகவில்லை. காத்திருந்து பார்த்துவிட்டுச் சேலத்துக்கு ஏற்றினார்கள். தொப்பூர் தாண்டுவதற்குள் முடிந்துவிட்டது.

வியாழக்கிழமை உங்கள் ஆபீஸிலிருந்து இரண்டு பேர் வந்தார்கள். மரியாதையாகத்தான் பேசினார்கள். கேபிள்களைச் சோதித்தபோது நீங்கள் எழுதிய நோட்டு வீட்டில் இருக்கிறதா என்று கேட்டார்கள். தெரியாது என்றேன், அப்போது உண்மையிலேயே தெரியாது. எழுந்திருக்கும்போது ஒருவர், பாப்பா படிக்கிற பள்ளியின் பெயரைச் சொல்லி, நல்ல பள்ளி என்றார். நான் அதை அவர்களிடம் சொல்லவே இல்லை.

அவர்கள் போனதும் தேடினேன். அரிசி டிரம்முக்குப் பின்னால் ஏன் வைத்தீர்கள், மாமா? லீவில் வந்தபோது கெட்டுப்போன கேபிள் ஒன்றைக் காட்டி, இரண்டு முனையிலும் வெளிச்சம் அனுப்புகிற சின்னப் பெட்டி, நடுவில் கண்ணாடி இழை, ஒரு பெட்டி கெட்டாலும் முழுக் கேபிளையும் உருவிப் போட வேண்டும் என்று விளக்கினீர்கள். அதனால் படித்ததும் புரிந்தது. முதல் வகைக் கேபிள், நான்கு மணி நேரத்தில் 74 டிகிரி சூடு, இணைப்பு போய்விட்டது. மறுநாளும் அதே. இரண்டாம் வகை சூட்டைத் தாங்கியது. ஆனால் வந்து சேரப் பத்து வாரம். கீழே சிவப்பு மையில், முதல் வகை வேண்டவே வேண்டாம், மாற்று வழியிலும் இதையே போட்டால் இரண்டும் ஒன்றாக விழும் என்று எழுதியிருக்கிறீர்கள்.

நீங்கள் ஆபீஸில் கொடுத்த அறிக்கையை அயாஸ் தம்பி தன் போனில் காட்டினார். அதில் முதல் வகைக்கு 58 டிகிரி. சென்டர் திறப்பு விழாவுக்குள் கிடைத்துவிடும், வாங்கலாம் என்று இருக்கிறது. அடியில் உங்கள் கையெழுத்து. மிரட்டி வாங்கினார்களா என்று கேட்டேன். இரண்டு வழியிலும் அதையே போட்டார்கள், அன்று இரண்டும் ஒன்றாக விழுந்தன என்று மட்டும் தம்பி சொன்னார்.

நேற்றுக் காலை நோட்டை முனியம்மாள் அக்காவின் மகள் கலைமதியிடம் கொண்டுபோய்க் கொடுத்துவிட்டேன். எல்லாவற்றையும் சொன்னேன். அழுவாள், திட்டுவாள் என்று நினைத்தேன். சிவப்பு மையை விரலால் தொட்டுப் பார்த்து, "இது குரு அண்ணன் எழுத்துதானுங்களாக்கா?" என்று மட்டும் கேட்டாள். ஆமாம், உங்கள் எழுத்துதான் என்றேன். புதன்கிழமை வக்கீலைப் பார்க்கப் போகிறாள்.

என் மேல் கோபம் வந்தால் வரட்டும். புதனுக்கு முன்னால் நீங்களே வந்து அவளிடம் சொல்லிவிடுங்கள். மொரப்பூரில் மட்டும் இறங்க வேண்டாம். அந்த இருவரையும் இன்று ஸ்டேஷன் எதிரில் மறுபடி பார்த்தேன். சேலம் போய் பஸ்ஸில் வாருங்கள், பகலில் வாருங்கள். பாப்பாவைக் காரிமங்கலத்தில் என் தங்கை வீட்டில் விட்டிருக்கிறேன்.

நீங்கள் எழுதிய இரண்டில் எது உண்மை என்று எனக்குத் தெரியும். அதை எழுதிய மனுஷனாகவே என் கணவர் உடம்புக்கு ஒரு குறையும் இல்லாமல் வந்து சேர வேண்டும் என்று சாமியைக் கேட்டுக்கொண்டிருக்கிறேன்.

வாசலைப் பார்த்தபடி,
உங்கள் பானுமதி