ஐந்து வருஷத்துக்குரிய வாழை

அன்பு மகள் டார்லினுக்கு அப்பா எழுதுவது. கர்த்தருடைய கிருபையால் நானும் அம்மாவும் சுகமாக இருக்கிறோம், அந்தக் குளிர் தேசத்தில் நீயும் மருமகனும் பிள்ளையும் சுகமாக இருக்க ஜெபித்துக்கொள்கிறோம். ஸ்ரீவைகுண்டத்தில் நேற்றுதான் மழை விட்டது, வடகாலில் தண்ணீர் நிறைந்து போகிறது. போலீஸ் ஸ்டேஷனுக்கு எதற்குப் போனீர்கள் என்று போனில் கேட்டாய், அம்மா பக்கத்தில் நின்றதால் ஒன்றுமில்லை என்று சொல்லிவிட்டேன். அதற்குள் உன் சித்தப்பாவிடம் கேட்டுவிட்டாயாம். அவன் எப்போதும் நல்லவிதமாகவே சொல்லுவான், அதனால் என் பங்கையும் கேட்டுக்கொள்.

ஜெய்சன் சித்தப்பாவுக்கும் எனக்கும் வரப்புக்கு அந்தப்பக்கம் இந்தப்பக்கமாக ஏத்தன் வாழை என்பது உனக்குத் தெரியும். ஒரே கன்று, ஒரே தண்ணீர், ஒரே உரம், ஆனால் அவனுக்கு மட்டும் குலை தரையைத் தொடுகிற மாதிரி தள்ளியிருந்தது. ஸ்தோத்திரப் பண்டிகைக்கு இருக்கிறதிலேயே நல்ல குலையைக் கோயிலுக்குக் கொடுப்போமே, அதற்காக அவன் ஒரு குலையில் வெள்ளைத்துணி கட்டிவைத்திருந்தான். போன வருஷம் காணிக்கைக் குலைகளைக் கோயிலில் ஏலம் விட்டபோது அவன் குலைக்குப் போட்டா போட்டி, என் குலையைப் போதகரம்மா இரக்கப்பட்டு எடுத்தார்கள். அந்த எரிச்சலில், ஆராதனை முடிந்து எல்லோரும் நிற்கும்போது, அந்தக் குலை கோயில் வாசலுக்கு வந்து சேருதான்னு பாப்போம்லே என்று அவனிடம் சொல்லிவிட்டேன். அந்த வாரமே யாரோ புகுந்து அவன் வாழையில் பாதியை, துணி கட்டின குலையோடு சேர்த்து, வெட்டிச் சாய்த்துவிட்டார்கள். நான் பேசியதைச் சபையே கேட்டதல்லவா, போலீஸ் என்னைக் கூப்பிட்டது.

எஸ்.ஐ. சங்கரசுப்பிரமணியன் மரியாதையாகத்தான் பேசினார். அண்ணாச்சி, அடுத்தவன் பொருளை வேணும்னே சேதப்படுத்துனா ஆறு மாசம் வரைக்கும் ஜெயில், நட்டம் இருபதாயிரத்துக்குப் போச்சுன்னா ரெண்டு வருஷம் வரைக்கும், லட்சத்தைத் தொட்டா அஞ்சு வருஷம் வரைக்கும், ஜெயிலா அபராதமா ரெண்டுமாங்கிறது கோர்ட்டு முடிவு என்றார். ஜெய்சனுக்கு நட்டம் லட்சத்துக்கு மேல் என்று எழுதியிருந்தார்கள். இந்த வயதில் நான் உள்ளே போனால் அம்மா தாங்கமாட்டாள். ஆனால் அந்தப் பயத்திலும் மனசு என்ன நினைத்தது தெரியுமா, என் வாழையை வெட்டியிருந்தால் ரெண்டு வருஷத்தோடு முடிந்திருக்கும், சட்டத்திலும் அவன் வாழைதான் உசத்தி என்று நினைத்தது. வெட்ட வந்தவன்கூட என் வாழையை ஒரு பொருட்டாக மதிக்காமல் வரப்பைத் தாண்டிப் போயிருக்கிறான். நீ சிரிப்பாய், எனக்கு வயிறு எரிந்தது.

நான் வெட்டவில்லை என்பது கர்த்தருக்குத் தெரியும், ஆனால் அவரைச் சாட்சிக்குக் கூப்பிட முடியாதே. அப்போது ஜெய்சன் வந்தான். யார் மேல் சந்தேகம் என்று எஸ்.ஐ. அவனிடம் கேட்டார். எங்க அண்ணனுக்கு வயித்தெரிச்சல் உண்டு, அது ஊருக்கே தெரியும், ஆனா குலை தள்ளுன வாழையில அருவாள வைக்கமாட்டாவ, அவிய பேரை எழுதணும்னா எனக்குப் புகாரே வேண்டாம், கிழிச்சிப் போடுங்க என்றான். என்னை அனுப்பிவிட்டார்கள். வெட்டினவனை இன்னும் தேடுகிறார்கள். வெளியே வந்ததும் ஜெய்சன் டீ வாங்கிக் கொடுத்து, பைய, பாத்து வாங்கண்ணே என்று கையைப் பிடித்து வண்டியில் ஏற்றினான்.

பிள்ளைக்குக் காதை மூடிக் குல்லா போடு, மருமகனை வண்டியை மெதுவாக ஓட்டச் சொல். வருகிற ஞாயிறு பண்டிகை, இந்த வருஷம் என் குலைதான் பெரிது. நானே சுமந்து வருகிறேன் என்று ஜெய்சன் சொல்லியிருக்கிறான். டார்லின், அம்மாவிடம்கூட இதைச் சொல்லவில்லை. வெட்டுப்பட்டது என் வாழையாக இருந்து, அப்படிப் பேசினது அவனாக இருந்திருந்தால், அவன் பேரைத்தான் முதலில் எழுதிக் கொடுத்திருப்பேன். அவன் குலை பெரிதாக இருந்ததைக்கூடப் பொறுத்துக்கொள்ளலாம், இதைப் பொறுக்க முடியவில்லை.

கர்த்தர் உன் போக்கையும் வரத்தையும் காப்பாராக.

உன் அப்பா,
ஞானசிகாமணி