மழையில் நனைந்த கழுதை

ஒக்டோபர் 6, திங்கள்

வெயில். காற்றே இல்லை. தேங்காய், வெங்காயம், மருந்துக் குளிசை வாங்கியாயிற்று.

காய்ச்சல் போய் இரண்டு மாதம். மூக்கு இன்னும் செத்துத்தான் கிடக்கிறது. மணம் திரும்பி வரலாம், வராமலும் போகலாம் என்றார் டொக்டர். இதைச் சொல்ல ஒரு டொக்டர்!

பகல் கறி அடிப்பிடித்துக் கருகியது. பக்கத்திலேயே கதிரை போட்டு பேப்பர் வாசித்துக்கொண்டிருந்தேன், தெரியவில்லை. பக்கத்து வீட்டு ஹலீமா வேலியால் கூப்பிட்ட பிறகுதான் ஓடினேன். இனி என் அடுப்பையும் தானே பார்ப்பதாகச் சொல்லிச் சிரித்தாள். எனக்குச் சிரிப்பு வரவில்லை. ஒரு ஆளுக்குச் சமைப்பது, அதையும் கருக்குவது.

ஒக்டோபர் 8, புதன்

பிரான்சிலிருந்து தம்பியின் பார்சல். சென்ட் போத்தல். மணம் எப்படி என்று போனில் கேட்டான். அருமை என்றேன். பொய். அவனிடம் மூக்கு விஷயம் சொல்லவில்லை, சொல்லவும் மாட்டேன்.

நாங்கள் பிறந்த ஊரான அரிப்பில், சின்ன வயதில் என் கண்ணைக் கட்டிவிட்டு ஒவ்வொன்றாக மூக்கடியில் பிடிப்பான். காய்ந்த பாசி. ஐயாவின் வலை. சுட்ட பனங்கிழங்கு. அம்மாவின் சேலைத் தலைப்பு: மீன், பவுடர், அடுப்புப் புகை. ஒன்றையும் நான் பிழையாகச் சொன்னதில்லை.

"இப்பவும் நீ கண்ணை மூடிக்கொண்டு சொல்லிப்போடுவாய், என்ன அக்கா?"

ஓம் என்றேன்.

பிறகு அலுமாரியைத் திறந்து, அம்மா விட்டுப்போன சேலையில் முகத்தை வைத்துப் பார்த்தேன். வெறும் துணி. அழுதேன். யார் பார்க்கப்போகிறார்கள்.

ஒக்டோபர் 9, வியாழன்

கறிவேப்பிலை கசக்கிப் பார்த்தேன். கோப்பித்தூள். ஒன்றுமில்லை. யாருடனும் பேசவில்லை.

ஒக்டோபர் 11, சனி

பின்னேரம் மழை. இந்த முறை முதல் மழை. கொடியில் கிடந்த உடுப்பை எடுக்க ஓடியதில் கேற் சாத்த மறந்துபோனேன். மழை என்றால் தெருவில் திரியும் இந்த ஊர்க் கழுதைகளுக்கு எல்லா வீடும் சொந்த வீடு. ஒன்று நேரே விறாந்தையில் ஏறி என் கதிரைக்குப் பக்கத்தில் நின்றது. கலைக்க, கூட்டுகிற தும்புத்தடியோடு போனேன்.

கிட்டப் போனதும் நின்றுவிட்டேன். நாற்றம். நனைந்த மயிர், குப்பை, சாணம். கண்ணை மூடினேன். சந்தேகமே இல்லை, கழுதை.

தும்புத்தடியைப் போட்டுவிட்டு அதன் கழுத்தில் மூக்கை வைத்து நின்றேன். அதற்குப் பிடிக்கவில்லை.

"அக்கா, கழுதை நாறுது, கலைச்சு விடுங்கோ," ஹலீமா வேலியால்.

"உனக்கும் நாறுதா?"

"இங்க வரைக்கும் நாறுது."

சந்தோஷத்தில் தம்பிக்குப் போன் எடுத்தேன். அவன் எடுக்கவில்லை, வேலையில் இருப்பான்.

அலுமாரியைத் திறந்தேன். கண்ணை மூடிக்கொண்டு சேலையை முகர்ந்தேன். பூச்சி உருண்டை. பூச்சி அரிக்காமல் இருக்க நானே போட்டது. மீன் இல்லை, பவுடர் இல்லை, புகை இல்லை.

பிழையில்லாமல் சொல்லிவிட்டேன்.

கழுதை இன்னும் விறாந்தையில். மழை விடும்வரை நிற்கட்டும்.