கஷ்டம் மட்டும் சொல்லுங்கள்

கும்டெலின், வேல்ஸ்
1963 அக்டோபர்

அன்பு மகன் எம்ரிஸுக்கு,

உன் கடிதம் கிடைத்தது. கனடாவில் இப்போதே பனி விழத் தொடங்கிவிட்டது என்று எழுதியிருந்தாய். இங்கே வழக்கமான மழைதான். என் இடுப்பு வலி அப்படியே இருக்கிறது. அதை விசாரித்து எழுதாதே, பதில் எழுத எனக்குப் பிடிக்காது.

போன வியாழக்கிழமை அம்மாவைப் பார்த்தேன். அபெர்வென் ஆஸ்பத்திரியில் அவளை மேல்மாடிக்கு மாற்றியிருக்கிறார்கள். நன்றாகச் சாப்பிடுகிறாள். என்னைப் பெயர் சொல்லிக் கூப்பிடவில்லை. ஆனால் என் கோட்டுப் பையில் கைவிட்டு மிட்டாயை எடுத்துக்கொண்டாள். யாரோ ஒருவர் பையில் கைவிடுகிற பெண்ணல்ல உன் அம்மா. ஆகவே நான் யார் என்று அவளுக்குத் தெரிகிறது என்பது என் கட்சி. டாக்டர் வேறு மாதிரி சொல்கிறார். அவருக்குச் சின்ன வயது.

ஊரில் கேட்பவர்களிடம் அம்மா அபெர்வெனில் உன் சித்தி வீட்டில் இருக்கிறாள் என்றே சொல்லிவருகிறேன். நீ இங்கே யாருக்காவது எழுதினாலும் அப்படியே எழுது. மனநோய் ஆஸ்பத்திரி என்று ஒரு பேச்சுக் கிளம்பினால், சபையில் அவள் இத்தனை வருஷம் பாடிய பாட்டையெல்லாம் மறந்துவிட்டு அதை மட்டும் ஞாபகம் வைத்துக்கொள்வார்கள்.

இப்போது விஷயம். ஸ்டேஷன் கதவில் நோட்டீஸ் ஒட்டியிருக்கிறார்கள். நம் ரயில் பாதையை மூடப்போகிறார்களாம். நம்முடையதை மட்டுமல்ல, வடக்கே ஸ்காட்லாந்து முதல் தெற்கே கடற்கரை வரை, வரைபடத்தை மேஜைமேல் விரித்து வைத்துக் கோடு கோடாக அழித்திருக்கிறார்கள். உன் தாத்தா இந்தப் பாதைக்காக மலையை வெட்டினவர். அந்தக் காலத்தில் கம்பெனிகள் ஒன்றோடொன்று போட்டி போட்டு, ஒரே பள்ளத்தாக்கில் இரண்டு பாதைகூடப் போட்டன. பிறகு எல்லாவற்றையும் நாலு பெரிய கம்பெனிகளாகச் சேர்த்தார்கள். யுத்தம் முடிந்த பிறகு அரசாங்கம் எடுத்துக்கொண்டது. ரயில் இனி நம்முடையது என்று பேண்டு வாசித்தோம், நீகூடக் கொடி பிடித்துக்கொண்டு நின்றாய். நம்முடையது என்றால் நம்மைக் கேட்டுவிட்டல்லவா மூட வேண்டும்?

சந்தைக்கு வருகிற அயர்லாந்து மாட்டு வியாபாரியிடம் இதைச் சொன்னேன். அவர் ஊர் எல்லைப் பக்கத்தில் சில வருஷம் முன்பே இது நடந்துவிட்டதாம். "மொதல்ல வண்டியைக் கொறைப்பான். அப்புறம் யாருமே ஏறலைம்பான். அப்புறம் தண்டவாளத்தை உருவிக்கிட்டுப் போயிடுவான். நீங்க பாத்துக்கிட்டே இருங்க அண்ணே" என்று சிரித்தார்.

நான் பார்த்துக்கொண்டு இருக்கப்போவதில்லை. ஆட்சேபங்களைக் கேட்க ஒரு குழு வருகிறது. நான் பேசப்போகிறேன். ரயில்வே அறிக்கைகளை நூலகத்தில் வரவழைத்துப் படிக்கிறேன். கல் சுவர் கட்டுகிறவனுக்கு என்ன இங்கிலீஷ் வரும் என்று அவர்கள் நினைத்தால் நினைத்துக்கொள்ளட்டும்.

இந்த ரயில் நின்றால் என் வியாழக்கிழமையும் நின்றுவிடும். உனக்குப் புரியும்.

உன் தகப்பன்,
ஐட்வல் ப்ரைஸ்


கும்டெலின்
1964 பிப்ரவரி

அன்பு எம்ரிஸ்,

கூட்டம் நடந்து முடிந்தது. என்ன ஆயிற்று என்று நீ கேட்டிருக்கிறாய். சொல்கிறேன், ஆனால் என் பக்கத்து நியாயத்தையும் சேர்த்துப் படி.

பள்ளிக்கூடத்தில் வைத்துக் கேட்டார்கள். ஊரே வந்திருந்தது. குழுவில் ஒருவருக்கும் வேல்ஸ் மொழி தெரியாது. தலைவர் மெதுவாகப் பேசுகிற, நல்ல கோட்டு அணிந்த மனிதர். யார் எழுந்து எதைச் சொன்னாலும், "அதுக்குத்தான் பஸ் விடப்போறாங்களே" என்று பதமாகச் சொல்லி உட்காரவைத்தார்.

என் முறை வந்தது. அவர்கள் பயணிகளைக் கணக்கெடுத்த வாரத்தில் மலையெல்லாம் பனி மூடிக் கிடந்தது, ஆடுகூட வெளியே வரவில்லை, அதை வைத்து எப்படி முடிவுக்கு வந்தீர்கள் என்று கேட்டேன். அவர் கையை உயர்த்தினார்.

"மிஸ்டர் ப்ரைஸ், கணக்கு சரியா தப்பான்னு பாக்கறதுக்கு எங்களுக்கு அதிகாரம் இல்லீங்க. சட்டத்துல இடமில்லை. ரயில் நின்னுபோனா உங்களுக்கு என்ன கஷ்டம்? அதை மட்டும் சொல்லுங்க, எழுதிக்கிறோம்."

பின்னாலிருந்து ரொட்டிக்கடை க்விலிம் நம் மொழியில், "இவருக்கு ஏதுய்யா கஷ்டம்? இவராலதான் நமக்கெல்லாம் கஷ்டம்" என்றான். கொஞ்சம் சிரிப்பு எழுந்தது. பிறகு அதுவும் அடங்கிவிட்டது. எல்லோரும் தங்கள் முழங்காலையே பார்த்துக்கொண்டிருந்தார்கள். பெவன் வீட்டு விதவை மோர்வித் மட்டும் நாற்காலியைப் பிடித்துக்கொண்டு எழுந்திருக்கப் பார்த்தாள். நான் திரும்பி அவளைப் பார்த்தேன். உட்கார்ந்துவிட்டாள்.

தலைவர் மறுபடி கேட்டார். "எனக்கு ஒரு கஷ்டமும் இல்லை" என்றேன். அதை எழுதிக்கொண்டார்கள்.

வெளியே வந்ததும் மோர்வித் என் கையைப் பிடித்து நிறுத்தினாள். அவள் நாக்கு உனக்குத் தெரியும்.

"ஏன்யா ஐட்வல், நீ கட்டுற சுவராவது மழைக்கு ஈரமாகும். ஆஸ்பத்திரியைப் பத்தி ஏன் வாயைத் தொறக்கலே?"

எந்த ஆஸ்பத்திரி என்று கேட்டேன்.

"போதும் விடு. உன் பொண்டாட்டி நெஸ்டா எங்க இருக்கான்னு இந்த ஊர்ல எல்லாருக்கும் தெரியும். உன் கொழுந்தியா வீட்டுக்குன்னு நான் முட்டை குடுத்து அனுப்பினேனே, அது யாருக்குன்னு நெனைச்சே? வியாழக்கிழமை சாயங்கால வண்டியில உன் எதிர் சீட்டுல யாராவது உக்காந்து பாத்திருக்கியா? நீ அழுதுக்கிட்டு வர்றதை யாரும் பாத்துடக் கூடாதுன்னுதான்யா காலியா விட்டோம்."

நான் ரயிலில் அழுததில்லை. காற்றுப் பட்டால் எனக்குக் கண்ணில் நீர் வரும். அதை அவளிடமும் சொன்னேன்.

தெரிந்திருந்தால் நீங்களாவது சொல்லியிருக்கலாமே என்று கேட்டேன். "கட்டினவன் மூடி வெச்சதை நான் எப்படிய்யா எல்லார் முன்னாலயும் தொறப்பேன்? நீ பாத்த பார்வைக்கு எனக்குக் காலே எழும்பலே" என்றாள். பிறகு அவள்தான் அழுதாள்.

ஆக, ஊரே சேர்ந்து உட்கார்ந்து என் மானத்தைக் காப்பாற்றியது. ரயிலைக் காப்பாற்ற ஒருவரும் இல்லை.

நான் சொன்னது தப்பு என்று நினைக்கவில்லை. ஒரு காரியம் அநியாயம் என்றால் அது அநியாயம் என்பதற்காகவே நிறுத்தப்பட வேண்டும். உன் அம்மாவை நாற்காலியில் ஏற்றிவைத்து, முன்பின் தெரியாத மூன்று பேரிடம் காட்டிக் கெஞ்சித்தான் ஒரு ரயிலை வாங்க வேண்டுமா?

இருந்தாலும் மோர்வித் விடவில்லை. அவள் சொன்னாளே என்று, "என் மனைவி அபெர்வென் ஆஸ்பத்திரியில் இருக்கிறாள், அவளைப் பார்க்க எனக்கு வேறு வழியில்லை" என்று ஒரே ஒரு வரி எழுதி அனுப்பினேன். விசாரணை முடிந்துவிட்டது, தங்கள் கடிதம் கோப்பில் வைக்கப்பட்டுள்ளது என்று பதில் வந்தது. மரியாதையான பதில். கோபப்படக்கூட அதில் இடம் வைக்கவில்லை.

உன் தகப்பன்,
ஐட்வல் ப்ரைஸ்


கும்டெலின்
1965 ஜனவரி

அன்பு எம்ரிஸ்,

பிள்ளையின் படம் வந்தது. காது உன் அம்மாவின் காது.

கடைசி வண்டி போய்விட்டது. எஞ்சினுக்குப் பூவளையம் மாட்டினார்களாம், பிளாட்பாரத்தில் நின்று கீர்த்தனை பாடினார்களாம், டிக்கெட்டை ஞாபகத்துக்கு வாங்கி வைத்துக்கொண்டார்களாம். நான் போகவில்லை. இத்தனை பேர் வாரம் ஒருமுறை ஏறியிருந்தால் பாட வேண்டியே இருந்திருக்காது என்று க்விலிமிடம் சொன்னேன். "நீங்க செத்தாலும் எங்களைத் திட்டிட்டுத்தான் சாவீங்க மூப்பரே" என்றான். ஆனால் அன்றைக்கு ரொட்டிக்குக் காசு வாங்கவில்லை. எனக்கு அது பிடிக்கவில்லை.

பஸ் இருக்கிறது. கணவாய் வழியாகச் சுற்றிக்கொண்டு, பார்வை நேரம் முடிகிற சமயத்துக்கு அபெர்வென் போய்ச் சேருகிறது. நேரத்தை மாற்றச் சொல்லி எழுதினேன். பரிசீலிக்கிறார்கள். உன் சித்தி வீட்டிலேயே போய்த் தங்கிவிடுங்கள் என்று நீ எழுதியிருந்தாய். கேட்டுப் பார்த்தேன். அவள் இரண்டாம் கல்யாணம் செய்துகொண்ட ஆள் என்னை வாசலிலேயே நிறுத்திப் பேசினான். அதைப் பற்றி இனி எழுதாதே.

டிசம்பரில் ஒருநாள் அந்தப் பஸ்ஸில் போனேன். ஆஸ்பத்திரிக் கதவைச் சாத்திக்கொண்டிருந்தார்கள். வயதான நர்ஸ் ஒருத்தி, நம் பக்கத்துப் பெண்தான், படிக்கட்டு வரை வந்து பேசினாள். "வியாழக்கிழமை ஆனா தொப்பியைப் போட்டுக்கிட்டு ஜன்னல்கிட்ட நின்னுடறாங்கய்யா. அங்கேயிருந்து தண்டவாளம் தெரியும். ரயிலை நிறுத்திட்டாங்கம்மான்னு சொன்னா கேக்க மாட்டேங்கறாங்க. லேட்டா வருதுங்கறாங்க" என்றாள். மேலே போய்ப் பார்க்கக் கொஞ்ச நேரம் கொடு என்று கேட்டேன். சூப்பரிண்டெண்டைக் கேட்கப் போனாள். அதற்குள் திரும்புகிற பஸ்ஸின் ஹார்ன் அடித்தது. அதை விட்டால் அன்றைக்கு வேறு கிடையாது. படி இறங்கித் திரும்பிப் பார்த்தேன். ஜன்னல்கள் நிறைய இருக்கின்றன. எது என்று தெரியவில்லை.

அதன் பிறகு கணவாய் பனியில் மூடிவிட்டது. பஸ்ஸும் இல்லை. போன வாரம் தண்டவாளத்தைப் பெயர்க்க ஆள் வந்திருக்கிறார்கள். அபெர்வென் முனையிலிருந்து தொடங்கியிருக்கிறார்களாம்.

எம்ரிஸ், நான் உன்னிடம் இதுவரை ஒன்றும் கேட்டதில்லை. அம்மாவுக்கு நீ எழுது, வாரம் தவறாமல் எழுது. தபால் இன்னும் போகிறது. அந்த நர்ஸ் வாசித்துக் காட்டுகிறேன் என்றிருக்கிறாள். பனியைப் பற்றி எழுது, பிள்ளையைப் பற்றி எழுது, என்ன வேண்டுமானாலும் எழுது. தண்டவாளத்தைப் பெயர்ப்பவர்களைப் பற்றி எழுதாதே.

கர்த்தர் உன்னையும் மருமகளையும் பிள்ளையையும் குளிரில் காக்கட்டும்.

அப்பா வீட்டிலிருந்து புறப்பட்டுவிட்டார் என்று எழுது. ஒவ்வொரு தடவையும் அப்படியே எழுது.

உன் தகப்பன்,
ஐட்வல் ப்ரைஸ்