உறைமோர் கேட்டு வந்தவளுக்கு

இன்று காலை பால் உறையவில்லை. ராத்திரி மோர் விட மறந்திருக்கிறேன். பாத்திரத்தைத் திறந்ததும் வந்த வெறும் பால் வாசனையில் உன் நினைவுதான் எழுந்தது. நீ கண்மூடி ஒரு மாதமாகிறது.

கல்யாணமாகிக் கும்பகோணத்திலிருந்து மலையாள தேசத்து ஸ்ரீவராகத்துக்கு வந்தபோது எனக்குப் பதினெட்டு வயது. அவர் சர்க்கார் கச்சேரிக்குக் குமாஸ்தா வேலைக்குப் போய்விட்டால் சாயங்காலம் வரை சுவர்தான் துணை. கடைத்தெரு மலையாளம் ஒன்றும் புரியாது. இவ்வளவு பெரிய பட்டணத்தில் என்னைப் பெயர் சொல்லிக் கூப்பிட ஒருவருமில்லை. “வந்து அழைத்துப் போங்கள், இனி இங்கே இருக்க மாட்டேன்” என்று அப்பாவுக்குக் கடிதம் எழுதி, தபாலில் சேர்க்கத் தைரியமில்லாமல் பெட்டியில் வைத்திருந்தேன்.

அந்த வாரம்தான் எதிர்வீட்டு நாட்டுப்பெண்ணான நீ கிண்ணத்தோடு வந்து நின்றாய்.

“இத்திரி உறைமோர் தருவியோ?” கொஞ்சம் என்பதை நீ ‘இத்திரி’ என்பாய்.

மறுநாளும் வந்தாய். அதற்கு மறுநாளும். எனக்குக் கோபம்தான் வந்தது. ஒரு கரண்டி மோர் எடுத்துவைக்கத் துப்பில்லை, இவள் என்ன குடித்தனம் செய்கிறாள்! ஒரு நாள் நீ வரத் தாமதமாயிற்று. விளக்கு வைத்தபின் வீட்டு மோர் வெளியே போகக் கூடாதே, அதைச் சாக்காக வைத்துக்கொண்டேன்.

“விளக்கு வெச்சாச்சு. இனிமே தர மாட்டேன்.”

“மோர் வேண்டாம். இத்திரி நேரம் உக்காந்துட்டுப் போறேன்” என்று சமையலறை வாசலில் சம்மணமிட்டு உட்கார்ந்துவிட்டாய். காய்கறிக்காரி பேரம் பேசுவதை அப்படியே நடித்துக் காட்டினாய். இந்த ஊருக்கு வந்து அன்றுதான் வாய்விட்டுச் சிரித்தேன்.

நவராத்திரிக்கு வெற்றிலை பாக்கு வாங்க உன் வீட்டுக்கு வந்தபோதுதான் பார்த்தேன். கொல்லையில் இரண்டு கறவைப் பசு. உறியில் அடுக்கடுக்காய்த் தயிர்ப்பானை. அடி சாமர்த்தியக்காரி! எனக்குக் கூச்சம் வரக் கூடாதென்று நீயே கேட்பவளாக வந்தாயா? வெட்கத்தோடு உன் கையைப் பிடித்து, “எனக்காகவா தினமும் வந்தே?” என்றேன்.

“உனக்காகவா? நன்னாருக்கு! எங்காத்தில பதினோரு பேர் உண்டு. எல்லாருக்கும் இலையில சாதம் நான்தான் விளம்பறேன். ‘நீ சாப்ட்டியா’ன்னு கேக்க ஒருத்தர் உண்டோ? நீயாவது கோவிச்சுண்டு எங்கிட்ட பேசினே.”

வீட்டுக்கு வந்து கடிதத்தை அடுப்பில் போட்டேன். துணை வேண்டும் என்று சொல்லக் கூசி ஊரைவிட்டே ஓடப் பார்த்தவள் நான். நீயோ தெருவைக் கடந்து வந்து கேட்டாய். அந்தத் துணிச்சலை நினைத்தால் இன்றும் எனக்கு மலைப்புத்தான்.

நீ போனபின் வீடு மறுபடி வெறிச்சென்று கிடக்கிறது. அழுகை வருகிறது, மறைப்பானேன். இன்று மத்தியானம் கோடிவீட்டில் புதிதாகக் குடிவந்திருப்பவளின் கதவைத் தட்டினேன். சாக்கு ஒன்றும் சொல்லவில்லை.

“எனக்குப் பேச ஆள் இல்லை. உள்ளே வரலாமா?” என்றேன்.